லிவ் உல்மான்: பத்துப் படங்களின் நிழலில் மறைந்த மேடை

2022 மார்ச் 25 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் நடந்த விழாவில் நார்வே நடிகை லிவ் உல்மானுக்கு கௌரவ ஆஸ்கர் வழங்கப்பட்டது. அவரைப் பற்றிய குறிப்புகளைப் படிக்கும் எவருக்கும் சில ஐயங்கள் எழுவது இயல்பு. அவர் நார்வேக்காரரா, ஸ்வீடன்காரரா? புகழ்பெற்ற படங்கள் இத்தனை இருந்தும் அவர் ஏன் ஒருமுறைகூடப் போட்டியில் ஆஸ்கர் வெல்லவில்லை? ஹாலிவுட்டில் அவருக்கு நேர்ந்தது என்ன? நடிகை என்று அறியப்பட்டவரின் பெயர் பிற்காலப் படங்களில் இயக்குநர் என்று வருவது எப்படி?

இந்தக் கேள்விகளின் வேர் ஒன்றுதான். ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் பத்துப் படங்களில் உல்மான் நடித்தார். அந்தப் பத்தும் உலகெங்கும் திரையிடப்பட்டு, பாடமாக வைக்கப்பட்டு, மீண்டும் மீண்டும் எழுதப்பட்டதால், 'பெர்க்மனின் நாயகி' என்ற ஒற்றை அடைமொழிக்குள் அவருடைய வாழ்க்கை சுருங்கிப்போனது. அந்த வாழ்க்கையின் முதுகெலும்பு மேடை. அதிலும் நார்வே மேடை. அதை முதலில் புரிந்துகொண்டால் மற்றவை ஒவ்வொன்றாக விளங்கும். (படங்களின் பெயர்கள் இங்கே உலகெங்கும் வழங்கும் வடிவிலேயே தரப்படுகின்றன.)

எந்த நாட்டு நடிகை?

உல்மான் 1938 டிசம்பர் 16 அன்று டோக்கியோவில் பிறந்தார். பெற்றோர் நார்வே நாட்டவர். தந்தை விமானப் பொறியாளர் என்பதால் குடும்பம் ஜப்பானில் இருந்தது. போர்க்காலத்தில் நார்வே ஜெர்மனியின் பிடியில் இருந்தபோது, நார்வே விமானப்படையின் பயிற்சித் தளம் கனடாவின் டொரன்டோவில் இயங்கியது. குடும்பமும் அங்கே சென்றது. போர் முடிவதற்குள் தந்தை இறந்தார். யூதர்கள் தப்பிச் செல்ல உதவியதற்காக டாஹாவ் வதைமுகாமுக்கு அனுப்பப்பட்ட தாத்தாவும் அங்கேயே மடிந்தார். போருக்குப் பின் தாய் தம் இரு மகள்களுடன் நார்வேயின் ட்ரான்ட்ஹெய்ம் நகருக்குத் திரும்பினார். உல்மான் வளர்ந்தது அங்கேதான்.

அவரை ஸ்வீடன்காரர் என்று பலர் எண்ணக் காரணம் மொழி. நார்வே மொழியும் ஸ்வீடிஷ் மொழியும் நெருங்கிய உறவுடையவை. பேசுவோர் ஒருவரையொருவர் பெருமளவு புரிந்துகொள்வார்கள். பெர்க்மன் படங்களில் உல்மான் பேசுவது ஸ்வீடிஷ். வெளிநாட்டுப் பார்வையாளருக்கு இரண்டுக்கும் வேறுபாடு தெரியாது என்பதால் ஸ்வீடிஷ் படத்தில் வருபவர் ஸ்வீடன்காரராகவே தோன்றுவார்.

நார்வே மேடை இயங்கும் விதம்

ஆஸ்லோவில் இருந்த அரசு நாடகப் பள்ளி அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. லண்டனில் சில மாதங்கள் பயிற்சி பெற்றுவிட்டு, 1957-இல் ஸ்டாவங்கர் நகரின் ரோகலான்ட் அரங்கில் ஆன் ஃபிராங்க் பாத்திரத்தில் மேடையேறினார். பிறகு ஆஸ்லோவின் 'டெட் நோர்ஸ்கே டெயாட்ரெட்' என்ற அரங்கில் சேர்ந்தார்.

இந்த அரங்கைப் பற்றி இரண்டு வரி சொல்லியாக வேண்டும். நார்வே மொழிக்கு அரசு ஏற்ற எழுத்துவடிவங்கள் இரண்டு. ஒன்று, நெடுங்கால டேனிஷ் ஆட்சியின் வழியாக வந்த 'பூக்மோல்'. மற்றொன்று, 19-ஆம் நூற்றாண்டில் கிராமத்து வட்டார வழக்குகளிலிருந்து உருவாக்கப்பட்ட 'நீநோர்ஸ்க்'. நீநோர்ஸ்கைப் பயன்படுத்துவோர் சிறுபான்மையினர். அந்த மொழியில் நாடகம் போடுவதற்கென்றே 1912-இல் தொடங்கப்பட்ட அரங்கு இது. அடுத்த ஆண்டு தலைநகரில் நாடகங்கள் தொடங்கியபோது எதிர்ப்பாளர்கள் அரங்குக்குள்ளேயே கூச்சலிட்டார்கள். ஆக, ஒரு சொல்லை எந்த வழக்கில் எப்படி உச்சரிப்பது என்பது சண்டைக்குரிய விஷயமாக இருந்த ஓர் இடத்தில் உல்மான் தொழில் பழகினார்.

அடுத்தது, நிரந்தரக் குழு என்ற ஏற்பாடு. ஸ்காண்டிநேவிய நாடுகளின் பெரிய அரங்குகள் அரசு மானியத்தில் இயங்குபவை. நடிகர்கள் அங்கே சம்பளத்துக்கு அமர்த்தப்பட்டு, ஒரே பருவத்தில் பல நாடகங்களில் பெரிதும் சிறிதுமான வேடங்களை ஏற்பார்கள். நாடகப் பருவம் இலையுதிர் காலத்தில் தொடங்கி வசந்தத்தோடு முடியும். கோடையில் அரங்கு மூடியிருக்கும். அங்கே திரைப்படங்களில் பெரும்பகுதி கோடையில் எடுக்கப்பட்டதற்கு வெளிச்சம் மட்டுமே காரணமல்ல, நடிகர்களுக்கு ஓய்வு கிடைத்ததும் அப்போதுதான். பெர்க்மனே 1963 முதல் 1966 வரை ஸ்டாக்ஹோமின் அரச நாடக அரங்குக்குத் தலைவராக இருந்தவர். அவருக்குப் பின் அந்தப் பொறுப்பை ஏற்ற எர்லான்ட் யோசெஃப்சன்தான் பிற்காலத்தில் உல்மானுடன் கணவனாக நடித்தவர். சினிமாக்காரர்கள் என்று நாம் நினைக்கும் இந்தக் கூட்டம் உண்மையில் கோடையில் படம் எடுத்த நாடகக் குழு. 1967-இல் ஆஸ்லோவின் தேசிய அரங்கில் இத்தாலிய நாடகாசிரியர் பிரான்டெல்லோவின் நாடகமொன்றை பெர்க்மன் இயக்கியபோது உல்மான் அதிலும் நடித்தார்.

1966: பேசாத வேடம்

உல்மானின் தோழியும் ஸ்வீடிஷ் நடிகையுமான பிபி ஆண்டர்சன் வழியாக பெர்க்மனின் அறிமுகம் கிடைத்தது. 1965 கோடையில் படமாக்கப்பட்டு 1966-இல் வெளிவந்த 'பெர்சோனா'வில் உல்மான் ஏற்ற வேடம், 'எலெக்ட்ரா' என்ற கிரேக்க நாடகத்தின் நடுவே திடீரென்று பேச்சை நிறுத்திவிடும் எலிசபெத் என்ற நடிகை. அவளைப் பார்த்துக்கொள்ள நியமிக்கப்படும் செவிலி ஆல்மாவாக பிபி ஆண்டர்சன். படம் முழுக்க ஆல்மா பேசுகிறாள், எலிசபெத் கேட்கிறாள். உல்மானுக்குக் கிடைத்த சொற்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். வேற்று மொழியில் தன் முதல் பெரிய படத்தைச் செய்யும் ஒரு நடிகைக்கு இதைவிடக் கடினமான தேர்வும் இல்லை, வசதியான தேர்வும் இல்லை.

படத்தில் ஒரு காட்சியைச் சற்று நெருங்கிப் பார்க்கலாம். எலிசபெத் தன் குழந்தையை வேண்டாமென்று நினைத்த கதையை ஆல்மா அவளிடமே சொல்கிறாள். முதலில் கேமரா உல்மானின் முகத்தில் நிற்கிறது. சொல்பவளின் குரல் மட்டும் வருகிறது. கதை முடிந்ததும் அதே வசனம் தொடக்கத்திலிருந்து திரும்பச் சொல்லப்படுகிறது. இம்முறை கேமரா பிபி ஆண்டர்சனின் முகத்தில். இறுதியில் இருவரின் பாதி முகங்களும் ஒன்றாக ஒட்டப்பட்டு ஒரே முகமாகின்றன. இந்த ஒட்டு முகம்தான் எல்லோர் நினைவிலும் நிற்கிறது. ஆனால் நடிப்பின் கணக்கில் முக்கியமானது முதல் பகுதி. தன் குற்றத்தை அடுத்தவர் வாயால் கேட்கும் ஒருத்தியின் முகத்தில் முதலில் அமைதி, பிறகு அதிர்ச்சி, பிறகு மறுப்பு என்று ஒவ்வொன்றாக ஏறுவதை ஒரு சொல்லும் இல்லாமல் பார்க்கிறோம். பேசுபவர் நடிகர், கேட்பவர் துணை என்ற வழக்கமான கணக்கு இங்கே தலைகீழாகிறது.

எதிரில் இருப்பவரின் வசனத்தைக் கேட்டு அதற்கேற்ப மாறிக்கொண்டே இருப்பது நிரந்தரக் குழுவில் பழகிய நடிகரின் அன்றாடத் தொழில். மேடையில் அது பின்வரிசைப் பார்வையாளருக்குத் தெரியாது. ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்ட்டின் க்ளோஸ்-அப் அதைத் திரை அளவுக்குப் பெரிதாக்கியது. பெர்க்மன் உல்மானை உருவாக்கினார் என்று சொல்வதைவிட, மேடையில் உருவான ஒன்றைக் கிட்டே போய்ப் பார்த்தார் என்று சொல்வதே எனக்குச் சரியாகப் படுகிறது.

அடுத்து 'ஹவர் ஆஃப் தி உல்ஃப்', 'ஷேம்' (இரண்டும் 1968), 'தி பேஷன் ஆஃப் ஆனா' (1969) என்று படங்கள் தொடர்ந்தன. உல்மானும் பெர்க்மனும் சில ஆண்டுகள் ஒன்றாக வாழ்ந்தார்கள்; 1966-இல் பிறந்த அவர்கள் மகள் லின் உல்மான் இன்று நார்வேயின் முக்கிய நாவலாசிரியர்களில் ஒருவர். அந்த உறவு முடிந்த பிறகுதான் இருவரின் பேர்பெற்ற படங்கள் பல வந்தன என்பதைப் பலர் கவனிப்பதில்லை: 'க்ரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்' (1972), 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' (1973), 'ஃபேஸ் டு ஃபேஸ்' (1976), 'ஆட்டம் சொனாட்டா' (1978).

கடைசியாகச் சொன்னது நார்வேயில் படமாக்கப்பட்டது. 1976 ஜனவரியில் வரி வழக்கு ஒன்றில் ஒத்திகையின் நடுவே பெர்க்மன் போலீஸாரால் அழைத்துச் செல்லப்பட்டார். அந்த வழக்கு பின்னர் நிற்கவில்லை என்றாலும் அவர் ஸ்வீடனை விட்டு வெளியேறியிருந்தார். படத்தில் புகழ்பெற்ற பியானோ கலைஞரான தாயாக இங்ரிட் பெர்க்மன், பாதிரியாரின் மனைவியான மகள் ஏவாவாக உல்மான். மகள் ஷோபனின் இரண்டாம் பிரலூடைத் தட்டுத்தடுமாறி வாசிக்கிறாள். அதை எப்படி வாசிக்க வேண்டும் என்று தாய் விளக்கிவிட்டுத் தானே வாசித்துக் காட்டுகிறாள். அப்போது மகளின் பார்வை தாயின் பக்கவாட்டு முகத்தில் நிலைக்கிறது. அந்தப் பார்வையில் வியப்பு, பொறாமை, பழைய வெறுப்பு மூன்றையும் காணலாம். படத்தின் இரண்டாம் பாதியில் வெடிக்கப்போகும் சண்டை முழுவதும் இந்த இடத்திலேயே சொல்லப்பட்டுவிடுகிறது.

ஆஸ்கர் கணக்கு

கௌரவ ஆஸ்கர் என்பது போட்டி விருது அல்ல. அதற்குப் பரிந்துரைப் பட்டியல் கிடையாது. ஆஸ்கரை வழங்கும் அமைப்பான அகாடமியின் ஆளுநர் குழு, ஒருவரின் மொத்தப் பங்களிப்பைக் கருதி வாக்களித்துத் தருவது. 2009 முதல் அது தொலைக்காட்சியில் வரும் முதன்மை விழாவில் வழங்கப்படாமல் தனி விழாவில் வழங்கப்படுகிறது. உல்மான் போட்டியில் இரண்டு முறை சிறந்த நடிகைக்கான பட்டியலில் இடம்பெற்றார். இரண்டு முறையும் வெல்லவில்லை. அதன் விவரம் இது:

1. 1973 விழா. யான் ட்ரோயெல் இயக்கிய 'தி எமிக்ரண்ட்ஸ்' படத்துக்காகப் பரிந்துரை. 19-ஆம் நூற்றாண்டில் பஞ்சம் பிழைக்க அமெரிக்கா செல்லும் ஸ்வீடிஷ் உழவர் குடும்பத்தின் கதை. கணவராக மாக்ஸ் வான் சிடோ. இந்தப் படத்தின் ஆஸ்கர் வரலாறு விசித்திரமானது. அயல்மொழிப் படப் பிரிவில் ஓராண்டு பரிந்துரை பெற்றது. அமெரிக்கத் திரையரங்குகளில் வெளியான பிறகு, மறு ஆண்டு சிறந்த படம், இயக்குநர், நடிகை, தழுவல் திரைக்கதை என்ற பொதுப் பிரிவுகளிலும் வந்தது. அதே மறு ஆண்டில் இதன் தொடர்ச்சியான 'தி நியூ லேண்ட்' அயல்மொழிப் பிரிவில் இருந்தது. நடிகை விருது 'காபரே' படத்துக்காக லைசா மின்னெல்லிக்குப் போனது. மார்லன் பிராண்டோ தம் விருதை ஏற்க மறுத்து ஒரு பெண்ணை அனுப்பிய விழா இதுதான். விருதைக் கொடுக்க மேடையில் நின்ற இருவர் ரோஜர் மூரும் லிவ் உல்மானும்.

2. 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்'. இது முதலில் ஸ்வீடிஷ் தொலைக்காட்சியில் 1973-இல் ஆறு பகுதிகளாக ஒளிபரப்பானது. பின்னர் அது ஏறக்குறைய 169 நிமிடப் படமாகச் சுருக்கப்பட்டு 1974-இல் அமெரிக்காவில் வெளியானது. திரையரங்குக்கு முன்பே தொலைக்காட்சியில் வந்த படைப்பு போட்டிக்குத் தகுதியற்றது என்பது அகாடமியின் விதி. ஃபிராங்க் காப்ரா, ஃபெலினி உள்ளிட்ட இயக்குநர்கள் எழுதிய கடிதமும் பயனளிக்கவில்லை.

3. 1977 விழா. 'ஃபேஸ் டு ஃபேஸ்' படத்தில் மனநல மருத்துவராக இருந்தும் தானே மனம் உடைந்துபோகும் பெண்ணாக நடித்ததற்குப் பரிந்துரை. விருது 'நெட்வொர்க்' படத்தின் ஃபே டனவேக்கு.

4. 1979 விழா. 'ஆட்டம் சொனாட்டா'வில் தாயாக நடித்த இங்ரிட் பெர்க்மன் பட்டியலில் வந்தார், மகள் வரவில்லை.

இவற்றில் உண்மையான இழப்பு இரண்டாவதுதான். மற்ற ஆண்டுகளில் அவர் போட்டியிட்டுத் தோற்றார். அந்த ஆண்டில் போட்டியே நடக்கவில்லை. அவருடைய அக்கால மதிப்பை அறிய விரும்புவோர் நியூயார்க் திரைவிமர்சகர் வட்டத்தின் பட்டியலைப் பார்க்கலாம்: 1972, 1974, 1976 என்று ஐந்தாண்டுகளில் மூன்று முறை சிறந்த நடிகை அவர்தான்.

ஹாலிவுட் ஏன் ஒத்துவரவில்லை?

1972 இறுதியில் 'டைம்' இதழ் அவரை அட்டையில் போட்டது. 1973, 1974 ஆகிய இரண்டே ஆண்டுகளில் நான்கு ஆங்கிலப் படங்கள் வந்தன. இசைப்படமான 'லாஸ்ட் ஹொரைசன்' பெரும் தோல்வி. 'ஃபார்ட்டி கேரட்ஸ்' நகைச்சுவைப் படத்தில், முப்பதுகளின் நடுவில் இருந்தவருக்கு நாற்பது வயதுப் பெண்ணின் வேடம். 'தி அப்டிகேஷன்' படத்தில் ஸ்வீடன் அரசி கிறிஸ்டினா. ட்ரோயெலே அமெரிக்கா சென்று எடுத்த 'ஸேண்டிஸ் பிரைட்' மட்டும் ஓரளவு தேறும். எதுவும் அவரை ஹாலிவுட் நட்சத்திரமாக்கவில்லை.

ஆங்கிலம் போதவில்லை என்பது எளிய விளக்கம். ஆனால் அது நிற்காது. அடுத்த ஆண்டே, 1975-இல், நியூயார்க்கின் லிங்கன் சென்டரில் நார்வே நாடகாசிரியர் இப்சனின் 'பொம்மை வீடு' நாடகத்தில் நோராவாக அதே ஆங்கிலத்தில் நடித்து, அமெரிக்க நாடகத்துறையின் டோனி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். 1977-இல் யூஜின் ஓ'நீலின் 'அன்னா கிறிஸ்டி' நாடகத்துக்கு மீண்டும் பரிந்துரை. எனவே தடை மொழியில் இல்லை. கொடுக்கப்பட்ட வேடங்களில் இருந்தது. ஹாலிவுட் வாங்கியது 'டைம்' அட்டையில் வந்த முகத்தை. அந்த முகம் வேலை செய்வதற்குத் தேவையான நீண்ட காட்சிகளையும், எதிரே நின்று சண்டையிடத்தக்க இணை நடிகரையும், அவசரப்படாத கேமராவையும் அது வாங்கவில்லை.

நோரா

நார்வே நடிகை எவருக்கும் இப்சன் தவிர்க்க முடியாத தேர்வு. 1879-இல் கோபன்ஹேகனில் முதன்முதலாக மேடையேறிய 'பொம்மை வீடு', கணவனையும் குழந்தைகளையும் விட்டுவிட்டு நோரா கதவைச் சாத்திக்கொண்டு வெளியேறுவதோடு முடிகிறது. ஜெர்மனியில் இந்த முடிவை ஏற்காததால், நோரா வீட்டிலேயே தங்கிவிடும் மாற்று முடிவு ஒன்றையும் இப்சனே எழுதிக் கொடுக்க நேர்ந்தது.

உல்மான் நோராவை முதலில் ஆஸ்லோவில் நார்வே மொழியிலும் பிறகு நியூயார்க்கில் ஆங்கிலத்திலும் நடித்தார். வரிசையைக் கவனித்தால் ஓர் உண்மை புலப்படும்: நியூயார்க்குக்கு முன்பே அவர் 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' தொடரில் மரியான் என்ற வேடத்தை முடித்திருந்தார். அந்தத் தொடரின் இரண்டாம் பகுதியில் கணவன் யோஹானும் மரியானும் பார்த்துவிட்டு வருவது எது என்று தேடினால் அது இப்சனின் இதே நாடகமாகத்தான் இருக்கும். கதைக்குள் அவர்கள் அதைப் பற்றிப் பேசவும் செய்கிறார்கள். நோராவில் கணவனை விட்டு மனைவி போகிறாள்; பெர்க்மனின் தொடரில் மனைவியை விட்டுக் கணவன் போகிறான். ஏறத்தாழ ஒரே காலத்தில் இரண்டு பக்கத்தையும் ஒரே நடிகை நடித்தார்.

1979-இல் ரிச்சர்ட் ராட்ஜர்ஸின் கடைசி இசைநாடகமான 'ஐ ரிமெம்பர் மாமா'வில், சான் ஃபிரான்சிஸ்கோவில் குடியேறிய நார்வே குடும்பத்தின் தாயாக நடித்தார். 1982-இல் பிராட்வேயில் இப்சனின் 'ஆவிகள்' நாடகத்தில் திருமதி ஆல்விங். 1980-இல் யூனிசெஃப் அமைப்பின் நல்லெண்ணத் தூதரானதும், 1989-இல் அகதிப் பெண்களுக்கான ஆணையத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரானதும் இந்த ஆண்டுகளில்தான். நடிப்பு வேலை குறைந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

இயக்குநராக

1992-இல் 'சோஃபி' படத்தோடு முழுநீளப் பட இயக்கத்துக்கு வந்தார். 1995-இல், நோபல் பரிசு பெற்ற சிக்ரிட் உன்செட்டின் நாவலை 'கிறிஸ்டின் லாவ்ரான்ஸ்டாட்டர்' என்ற படமாக்கினார். அடுத்த இரண்டின் திரைக்கதையும் பெர்க்மனுடையது: அவருடைய பெற்றோரின் கதையான 'பிரைவேட் கன்ஃபெஷன்ஸ்' (1996), கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்ட 'ஃபெயித்லெஸ்' (2000). தம் வாழ்க்கையின் மிக அந்தரங்கமான இரு கதைகளைத் தாமே இயக்காமல் பெர்க்மன் இவரிடம் கொடுத்தார். 'பெர்க்மனின் நாயகி' என்ற அடைமொழிக்கு இதைவிட வலுவான மறுப்பு தேவையில்லை. 2001-இல் கான் நடுவர் குழுவுக்கு உல்மான் தலைமை தாங்கினார். 2009-இல் கேட் பிளான்செட்டை வைத்து சிட்னியில் அவர் இயக்கிய டென்னஸி வில்லியம்ஸ் நாடகம் வாஷிங்டனுக்கும் நியூயார்க்குக்கும் சென்றது. 2014-இல் ஜெசிகா சாஸ்டெய்ன் நடித்த 'மிஸ் ஜூலி'.

உல்மான், பெர்க்மன் இருவரின் உறவைப் பற்றிய ஆவணப்படமான 'லிவ் அண்ட் இங்மார்' (2012) இந்தியாவில் பிறந்த தீரஜ் அகோல்கர் இயக்கியது.

எங்கிருந்து பார்ப்பது?

1. 'பெர்சோனா'. ஒன்றரை மணி நேரத்துக்கும் குறைவு. முதல் முறை பார்க்கும்போது கதையைத் துரத்தாமல், ஆல்மா பேசும் இடங்களில் எலிசபெத்தின் முகத்தை மட்டும் கவனிப்பது நல்லது.

2. 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்'. கிடைத்தால் ஆறு பகுதித் தொடராகவே பார்க்க வேண்டும். சுருக்கப்பட்ட படத்தில் சண்டைகள் இருக்கின்றன; சண்டைகளுக்கு இடையில் கழியும் அன்றாட நேரம் குறைந்துபோகிறது.

3. 'தி எமிக்ரண்ட்ஸ்', 'தி நியூ லேண்ட்'. அடுத்தடுத்து, இந்த வரிசையிலேயே. அமெரிக்காவில் வெளியானபோது வெட்டப்பட்ட வடிவங்களைத் தவிர்க்கவும். கப்பலில் பேன் பற்றிய சண்டை ஒன்று வருகிறது: 'நல்ல குடும்பத்துப்' பெண்ணான கிறிஸ்டினா (உல்மான்), தன் தலையில் பேன் வந்ததற்கு ஊரில் கெட்ட பெயரெடுத்த உல்ரிகாவைக் குற்றம் சாட்டுகிறாள், உல்ரிகாவிடம் பேன் இல்லை. உல்மானிடம் பெர்க்மன் கேட்காத ஒரு வகை நடிப்பு, பிடிவாதமும் அசட்டுத்தனமும் கலந்த உழவர் வீட்டுப் பெண்ணின் நடிப்பு, இங்கேதான் கிடைக்கிறது.

4. 'சாராபாண்ட்' (2003). மரியானும் யோஹானும் முப்பது ஆண்டுகளுக்குப் பின் சந்திக்கும் இந்தப் படம், பெர்க்மன் இயக்கிய கடைசிப் படம். இரண்டாவது எண்ணில் சொன்னதைப் பார்க்காமல் இதைப் பார்த்தால் பாதிதான் புரியும்.